அந்தக் கிழவர் கடைசியில் எங்கே சாப்பிட்டார்

சௌகார்பேட்டையில் நான் வேலைக்கு இருந்த வீட்டில் வயதான அம்மாவை எல்லாரும் 'பா' என்று கூப்பிடுவார்கள். குஜராத்தியில் பா என்றால் அம்மா. நானும் அப்படியே கூப்பிட்டுப் பழகிவிட்டேன். என்னைப் பெற்றவள் நான் ஐந்தாவது படிக்கும்போது இறந்துபோனாள். அதோடு பள்ளிக்கூடமும் போயிற்று. அண்ணன்கள் இரண்டு பேருக்கும் கல்யாணம் ஆகி, வீட்டில் உலை வைக்க ஆள் வந்த பிறகு, பழவேற்காட்டுக் கடைத்தெருவில் துணிக்கடை வைத்திருந்த ஒருவர் சொல்லி என்னை அங்கே சேர்த்தார்கள். நைனாதான் பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போய் விட்டார். அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் சொல்வோம்.

அவர்கள் மீன் தொடாதவர்கள். நான் மீன்பிடிக்கிற வீட்டுப் பெண் என்று தெரிந்துதான் எடுத்தார்கள். ஆனாலும் போன அன்றைக்கே என் துணியை எல்லாம் மூட்டை கட்டி வெளியே வைக்கச் சொல்லி, தலைக்கு ஊற்றி, வீட்டு எஜமானி தன் பழைய புடவை ஒன்றைக் கொடுத்தார். நைனா வாசற்படிக்கு வெளியே நின்று இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு அது அவமானமாகப் படவில்லை. "நல்ல சோப்பு மா, வாசனையா கீது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எனக்கு வேலை பாவின் கையைப் பிடித்துக்கொள்வது. முட்டி வலி அவருக்கு. படி ஏற, இறங்க, கோவிலுக்குப் போக, குளிக்க, எல்லாவற்றுக்கும் ஒரு கை வேண்டும். அவருக்கு மகன்கள் இரண்டு பேர். ஒருவர் இங்கே, ஒருவர் பம்பாயில். அரை வருஷம் இங்கே, அரை வருஷம் அங்கே. முறை முடியப் போகிறது என்றால் யாரும் சொல்வதற்கு முன்னால் பா தானே தகரப் பெட்டியைத் திறந்து புடவைகளை அடுக்க ஆரம்பித்துவிடுவார். மருமகள் வந்து பார்த்து, "அதுக்குள்ளே என்ன அவசரம், பா?" என்பார். ஆனால் அடுக்கியதை எடுத்து வைக்கச் சொல்ல மாட்டார்.

வருஷத்துக்கு ஒரு முறை பம்பாயிலிருந்து நாடகக்காரர்கள் வருவார்கள். குஜராத்திக்காரர்கள் எல்லாரும் சேர்ந்து பெரிய கொட்டகை ஒன்றைப் பிடித்து நாடகம் போடச் சொல்வார்கள். பட்டும் நகையுமாக ஜனம் வரும். கொட்டகைக்குள் படி இறங்க வேண்டும் என்பதால் பா என்னையும் கூட்டிக்கொண்டு போனார். வேலைக்காரிக்கு எதற்கு நாற்காலி என்று யாரோ கேட்டதற்கு, "இவ என் காலு. காலை வெளிய விட்டுட்டு நான் மட்டும் எப்படி உள்ள போறது?" என்று பா சொன்னார். அந்த நாடகத்தை நான் பார்த்தது அப்படித்தான்.

மேடையில் ஒரு வீட்டுக் கூடம். நடுவில் ஊஞ்சல். அதில் ஒரு கிழவர் உட்கார்ந்து ஆடிக்கொண்டிருக்கிறார். பெண்டாட்டி செத்துப்போனவர். பெரிய மகனுக்கு அந்த ஊஞ்சலைக் கழற்றிவிட்டுக் கண்ணாடி பீரோ வைக்க வேண்டும். சின்ன மகனுக்கு வீட்டையே விற்க வேண்டும். பெரிய மருமகள், "சின்னவர் வீட்டில் காற்று நன்றாக வரும், மாமா" என்கிறாள். சின்ன மருமகள், "பெரியவர் வீட்டில் வெயில் நன்றாக வரும், மாமா" என்கிறாள். இப்படி இரண்டு வீட்டுக்கும் கிழவரைப் பந்து மாதிரி அனுப்புகிறார்கள். ஒரு நாள் கிழவர் தலைக்குக் கருப்பு மை பூசிக்கொண்டு, புதுக் கோட்டு போட்டுக்கொண்டு வந்து, "நான் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறேன்" என்கிறார். வீடு புதுப் பெண்டாட்டிக்குப் போய்விடுமே! பெரிய மகன் மயங்கி ஊஞ்சலில் விழ, ஊஞ்சல் அவனைத் தூக்கிக்கொண்டு ஆடுகிறது. அப்புறம் பார்க்க வேண்டும், உபசாரத்தை. ஒரு பக்கம் பெரிய மருமகள் ஜிலேபி ஊட்டுகிறாள், இன்னொரு பக்கம் சின்ன மருமகள் டோக்ளா ஊட்டுகிறாள். கிழவர் இரண்டு கன்னமும் உப்பிக்கொண்டு பேச முடியாமல் கை ஆட்டுகிறார். கடைசியில் முக்காடு போட்டுக்கொண்டு கல்யாணப் பெண் வருகிறாள். முக்காட்டைத் தூக்கினால், கிழவருடைய மீசைக்கார சிநேகிதர்!

பாஷை எனக்குத் தெரியாது. பா என் காதில் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். அவர் சிரித்து முடித்து, மூச்சு வாங்கி, எனக்குச் சொல்வதற்குள் கொட்டகை முழுக்கச் சிரித்து ஓய்ந்திருக்கும். அப்போது நான் மட்டும் சிரிப்பேன். முன் வரிசைக்காரர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். எனக்கு உடம்பெல்லாம் கூசிப்போகும். புடவைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொள்வேன். அடுத்த வேடிக்கை வரும், மறுபடியும் பிந்திச் சிரிப்பேன்.

முடிவில் கிழவர் மகன்களைப் பார்த்து, "எனக்குப் பெண்டாட்டி வேண்டாம். சாப்பிடும்போது எதிரில் ஒரு ஆள் வேண்டும்" என்றார். பிள்ளைகள் காலில் விழுந்தார்கள். எல்லாரும் ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். திரை விழுந்தது. பெரிய மனிதர்கள் எல்லாம் கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, நம் பழைய வழக்கம், நம் குடும்பம் என்று பேசிக்கொண்டே வெளியே வந்தார்கள்.

பாவைக் காரில் ஏற்றி உட்கார வைத்தேன். சிரித்த சிரிப்பில் கழன்ற பல் செட்டை அவர் கையிலேயே வைத்திருந்தார். அதைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, மகனும் மருமகளும் முன்னால் பேசிக்கொண்டிருக்க, எனக்கு மட்டும் கேட்கும்படி, "நாடகத்துல புள்ளைங்க திருந்தித்தான் ஆவணும். ஜனங்க டிக்கெட் வாங்கியிருக்காங்க இல்ல" என்றார்.

அந்த வருஷம் தீபாவளிக்கு எஜமானர் வீட்டில் எல்லாரும் குஜராத் போனார்கள். எனக்கு லீவு கொடுத்தார்கள். ஒரு பெட்டியில் மோகன்தால் என்கிற கடலைமாவு இனிப்பும் ஓமப்பொடியும் போட்டுக் கொடுத்தார்கள். பஸ்ஸை விட்டு இறங்கிக் குப்பத்துக்கு நடந்தேன். வழியில் அந்தக் காலத்து டச்சுக்காரர்களைப் புதைத்த ஒல்லாந்தர் கல்லறை. வாசலில் கல்லில் செதுக்கிய எலும்புக்கூடுகள் இரண்டு பக்கமும் நிற்கும் பாருங்கள், அதற்குப் பக்கத்து மதிற்சுவர் நிழலில் நைனா உட்கார்ந்திருந்தார். சுருட்டிய பாய் ஒன்று, துண்டில் கட்டிய அலுமினியத் தட்டு ஒன்று. நல்ல உச்சி வெயில்.

"இன்னா நைனா, இங்க வந்து குந்திகினு கீற?"

"வாம்மா, வா. இன்னிக்கு மாத்தற நாளு."

"இன்னாத்த மாத்தறது?"

"என்னத்தான்" என்று சொல்லிச் சிரித்தார்.

அவர் சொன்னதைப் புரிய வைக்க எங்கள் ஊர்ப் பாடு முறையைச் சொல்ல வேண்டும். ஏரியில் எல்லா இடத்திலும் இறால் ஒன்றுபோல் ஓடாது. ஏரி கடலில் சேருகிற முகத்துவாரத்துப் பக்கம் வலை கட்டினால் கூடை நிறையும். உள்ளே தள்ளிக் கட்டினால் குழம்புக்குத்தான் தேறும். ஆளாளுக்கு நல்ல இடத்துக்கு ஓடினால் வெட்டுக்குத்து ஆகிவிடும் என்று வருஷத்துக்கு ஒரு முறை பானையில் சீட்டுப் போட்டு எடுப்பார்கள். சீட்டில் வந்த இடம் அவனுடைய பாடு. அப்புறம் அமாவாசைக்கு அமாவாசை வரிசைப்படி இடம் கை மாறும். மாறுகிற அன்றைக்கு ஒருத்தனும் வலை கட்ட மாட்டான். முந்தினவன் எடுத்துவிடுவான், பிந்தினவன் மறுநாள்தான் கட்டுவான். கல்யாணமான ஆம்பிளை ஒரு தலைக்கட்டு, தலைக்கட்டுக்கு ஒரு பாடு. பெண்டாட்டியும் செத்து, தண்ணீரில் இறங்கவும் முடியாதவனுக்குத் தலைக்கட்டு இல்லை. அவன் பாடு மூத்த மகனுக்குப் போய்விடும். எங்கள் குப்பத்தில் இத்தனை பாடுதான் என்று முடிவாகிவிட்டதால், இளைய மகன்கள் எப்போது இடம் காலியாகும் என்று காத்திருக்க வேண்டியதுதான். எங்கள் நைனாவின் பாடு பெரியண்ணனிடம் இருந்தது. சின்னண்ணன் அடுத்தவர் படகில் போய்க்கொண்டிருந்தான்.

நைனாவுக்கு யார் சோறு போடுவது என்று இரண்டு அண்ணன்களுக்கும் சண்டை. பாடு அவன் கையில் இருக்கிறது, அவன் போடட்டும் என்றான் சின்னவன். பெற்றது இரண்டு பேரை, நான் மட்டும் ஏன் என்றான் பெரியவன். ஊர்ப் பெரியவர்களுக்குத் தெரிந்த நியாயம் ஒன்றுதான். பானையைக் கொண்டுவந்து வைத்து, நைனாவுக்கும் சீட்டுப் போட்டார்கள். முதல் மாதம் யாருக்கு, அடுத்த மாதம் யாருக்கு என்று. அதிலும், பானைக்குள் கை விட்டு எடுத்தது நைனாவேதான். குப்பத்தில் சீட்டு எடுக்கிற கை அவருடைய கைதான். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்து அவர்தான் எடுப்பார். அவர் எடுத்தால் யாரும் வாய் திறக்க மாட்டார்கள். அப்படி ஒரு நம்பிக்கை.

"சாப்டியா நைனா?"

"பெரியவன் வூட்டுல நேத்தோட முடிஞ்சிச்சி. சின்னவன் வூட்டுல நாளைக்கு ஆரம்பம். இன்னிக்கு நாளு எவன் கணக்குலயும் வரல. சீட்டு போடச்சே எனக்கும் தோணலம்மா. வலை மாத்தற அன்னிக்கி தண்ணிய சும்மா வுடுவோம் இல்ல, அதே ஞாபகத்துல வுட்டுட்டோம்."

"வுட்டா? நீ இன்னா தண்ணியா?"

"யாரையும் இன்னான்னு சொல்றது? ஞாயமாத்தானே போட்டோம்."

நான் அண்ணன்கள் வீட்டுப் பக்கம் எட்டிப் பார்த்துவிட்டு வந்தேன். அமாவாசை இல்லையா, இரண்டு வீட்டிலும் அம்மாவுக்குப் படைத்திருந்தார்கள். இரண்டு கூரையிலும் காக்கைக்குச் சோறு வைத்திருந்தது. பெரிய அண்ணியிடம் கேட்டேன். "நான் சின்னவ வூட்டுல துன்னிருப்பாருன்னு நெனச்சிகினு இருந்தேன்" என்றாள். சின்ன அண்ணி, "நேத்து ராத்திரியோட அவங்களுக்கு முடிஞ்சிச்சா? எனக்கு யாரும் சொல்லலியே" என்றாள். கெட்டவர்கள் இல்லை அவர்கள். கேட்ட பிறகு இரண்டு பேரும் தட்டை எடுத்துக்கொண்டு ஓடி வந்தார்கள். ஆனால் நைனா வர மாட்டேன் என்றுவிட்டார். "நாளைக்கு வரேன் போங்க" என்றார்.

அந்தச் சுவர் ஓரத்தில் பெட்டியைப் பிரித்து மோகன்தால் கொடுத்தேன். தின்றுகொண்டே கல்லறைக்குள் கை நீட்டினார். "இந்த வெள்ளக்காரனப் பாரு. எந்த ஊர்ல பொறந்தானோ, இங்க வந்து எத்தினி காலமா ஒரே எடத்துல படுத்துகினு கீறான். அமாவாசைன்னு எவனாவது வந்து எழுப்பறானா?"

அவரைச் சிரிக்க வைக்கத்தான் நாடகக் கதையைச் சொன்னேன். நான் அதிகம் பேசுகிறவள் இல்லை. நாலு வார்த்தை சேர்த்துச் சொல்ல வராது. அன்றைக்கு எப்படியோ வந்தது. ஊஞ்சல், கருப்பு மை, ஜிலேபி, மீசைக்காரப் பெண். நைனா ஓமப்பொடி புரையேறிச் சிரித்தார். கண்ணில் தண்ணீர். எல்லாம் கேட்டுவிட்டு, "அந்தக் கெழவன் கடைசில எங்க சாப்ட்டான்?" என்றார்.

"எல்லாரும் ஒரே மேசையில."

"எவன் வூட்டு மேசை?"

மேடையில் ஒரு மேசை இருந்தது, அவ்வளவுதான்.

பொங்கல் முடிந்து நைனா சௌகார்பேட்டைக்கு என்னைப் பார்க்க வந்தார். அந்த வீட்டுக்குக் கொண்டுவர அவரிடம் இருந்ததெல்லாம் மீன், இறால், நண்டு. ஒன்றும் உள்ளே வரக் கூடாது. அதனால் ஒரு கட்டு பனங்கிழங்கு கொண்டுவந்திருந்தார். கன்னம் உப்பி, முகம் எண்ணெய் பூசினது மாதிரி இருந்தது.

"இன்னா நைனா, ஊதிட்ட?"

"பின்ன? கல்யாண மாப்ள இல்ல?"

நாடகத்தில் வந்ததை அவர் செய்துவிட்டிருக்கிறார். வலை பின்னுகிற இடத்தில் ஆட்கள் நிறைய இருக்கும் நேரம் பார்த்து, ஆரம்பாக்கத்துப் பக்கம் ஒரு விதவைப் பெண் பார்த்திருக்கிறேன், முடித்துக்கொள்ளப் போகிறேன் என்று சொல்லிவிட்டார். கல்யாணமானால் மறுபடியும் தலைக்கட்டு. பாடு திரும்பி அவர் கைக்கு வரும். பெரியவனுக்கு, பாடு கையை விட்டுப் போய்விடும் என்ற பயம். சின்னவனுக்கு, தண்ணீரில் இறங்க முடியாத நைனா இந்த முறை தன்னிடம் கொடுப்பார் என்ற ஆசை. "பெரியவ எறா தொக்கு, சின்னவ நண்டு வறுவல். மாத்தற நாளுன்னே ஒண்ணு இல்ல இப்ப. ரெண்டு பேரும் எனக்கு உனக்குன்னு இஸ்துகினு போறானுங்க. அந்த நாடகக்காரன் கெட்டிக்காரன்மா" என்று நைனா தொடையைத் தட்டிக்கொண்டு சொன்னார்.

பா கூடத்திலிருந்து எல்லாம் கேட்டுக்கொண்டிருந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு வாசல் வரைக்கும் வந்தார். நைனா துண்டை இடுப்புக்கு இறக்கிக்கொண்டு எழுந்து நின்றார்.

"பொண்ணு எப்படி, நல்லா இருக்கா?" என்று கேட்டார் பா.

"பாத்துகினே கீறேம்மா, இன்னும் ஆம்படல" என்றார் நைனா.

இரண்டு பேரும் ரொம்ப நேரம் சிரித்தார்கள். அப்புறம் பா சிரிப்பை நிறுத்தி, "அங்க திரை போட ஆளு இருக்கான். உனக்கு யாரு போடுவா?" என்றார். நைனாவுக்கு அது விளங்கவில்லை. பனங்கிழங்கை எப்படி வேக வைக்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

கங்கையம்மனுக்குக் கூழ் ஊற்றி முடித்த மறுநாள் எங்கள் குப்பத்தில் அந்த வருஷத்துச் சீட்டு. கூழுக்காக நானும் போயிருந்தேன். கோவில் முன்னால் ஆம்பிளைகள் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். பெண்கள் தள்ளி, படகு நிழலில். நடுவில் பானை. பானைக்குப் பக்கத்தில் நைனா. வெள்ளை வேட்டி, நெற்றியில் மஞ்சள். சட்டைக் கையை மடித்துவிட்டுத் தயாராக இருந்தார்.

ஊர்ப் பெரியவர் கேட்டார். "மாமா, ஒண்ணு தெரியணும். பொண்ணு கீதா இல்லியா? இருந்தா உன் பேரு போடணும். இல்லேன்னா பெரியவன் பேரு. பானைல கைய வெச்சி சொல்லு."

"எங்கத்திப் பொண்ணு மாமா? கல்லற வாசல்ல நிக்குதே, அதுவா?" என்று ஒருவன் குரல் கொடுத்தான். எல்லாரும் சிரித்தார்கள்.

"இல்லடா, அது ஒல்லியா கீது, மாமாவுக்குத் தாங்காது" என்றான் இன்னொருவன்.

நைனாவும் சிரித்தார். மகன்களைப் பார்த்தார். பெரியவன் மண்ணைக் கிளறிக்கொண்டிருந்தான். சின்னவன் நைனாவின் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. ஆமாம் என்று சொன்னால் இரண்டு வீட்டுச் சோறும் இன்னும் கொஞ்ச நாளைக்கு வரும். அது நைனாவுக்கும் தெரியும். கையைப் பானை வாயில் வைத்தார். அந்தப் பானையில் அவர் கை பொய் சொன்னது கிடையாது.

"இல்லப்பா. சும்மா தமாஷுக்குச் சொன்னேன்."

மறுபடியும் சிரிப்பு எழுந்தது. எனக்கு நாடகம் ஞாபகம் வந்தது. இந்த இடத்தில்தான் பிள்ளைகள் காலில் வந்து விழுவார்கள். நான் படகைப் பிடித்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தேன். பெரியவன் பெருமூச்சு விட்டு, பீடி பற்ற வைத்தான். சின்னவன் எழுந்து மண்ணைத் தட்டிவிட்டுக்கொண்டான்.

"நண்டு துன்னச்சே சொல்லியிருக்கலாமே நைனா" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

சத்தம் அடங்கியதும் நைனா வழக்கம்போலக் கையைப் பானைக்குள் விடப் போனார். ஊர்ப் பெரியவர் அவர் தோளைத் தொட்டு, "நீ குந்து மாமா" என்றார். கோபமாகச் சொல்லவில்லை, மெதுவாகத்தான் சொன்னார். பாடு விஷயத்தில் விளையாடியவன் கையால் சீட்டு எடுத்தால், நாளைக்கு யாராவது ஒரு வார்த்தை சொல்லிவிடுவார்கள் இல்லையா? வேறொருவரை எடுக்கச் சொன்னார். நீட்டின கையை நைனா வேட்டியில் துடைத்துக்கொண்டு, மடித்த சட்டைக் கையை இறக்கிவிட்டு, பின் வரிசையில் போய் உட்கார்ந்தார்.

அதற்கப்புறம் பழையபடி முறை. சோறு வந்தது, இல்லை என்று சொல்லக் கூடாது. மூடி போட்ட தட்டைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போவார்களாம். பேச்சு கிடையாது. நான் பெரியண்ணனிடம் போய், "நைனாவ நான் வெச்சிக்கிறேன்" என்று சொன்னேன். இந்த ஒரு வாக்கியத்தை வழியெல்லாம் மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டு போனேன்.

"நீயா? பட்டணத்துல அடுத்தவன் வூட்டுல படுக்கறவ, எங்க வெச்சிப்ப?"

"குட்சை ஒண்ணு போட்டுக்கறேன்."

"ரெண்டு ஆம்பளப் புள்ள குத்துக்கல்லாட்டம் இருக்கச்சே, பொண்ணு வூட்டுல சோறு துன்னா ஊரு எங்கள இன்னான்னு கேக்கும்?"

இதைவிட நைனா சொன்னதுதான் எனக்குத் தாங்கவில்லை. "அவன் சொல்றது ஞாயம்தான்மா. பொண்ணு கையில துன்னுட்டு நான் எந்த மொகத்தோட கடக்கரையில நடக்கறது? பசியா இருந்தாலும் புள்ள வூட்டுப் பசியா இருக்கட்டும்."

நான் சௌகார்பேட்டைக்குத் திரும்பிவிட்டேன்.

மழைக்காலத்தில் துணிக்கடைக்காரர் மூலமாகச் சேதி வந்தது. சின்னண்ணன் பாடு கிடைக்கிற வழி இல்லை என்று குடும்பத்தோடு காசிமேட்டுக்குப் போய்விட்டான். அவன் முறை மாதம். வீட்டுக்குப் பூட்டு. பெரியவன் தன் மாதம் முடிந்தது, தம்பியைக் கூப்பிட்டுப் பேசி முடிவெடுக்கட்டும் என்று நிற்கிறான். நைனா பூட்டின வீட்டுத் தாழ்வாரத்தில் பாயைப் போட்டு உட்கார்ந்திருக்கிறார். அது சின்னவன் மாதம் என்பதால் பெரிய அண்ணி மனசு கேட்காமல் கொடுத்தனுப்பிய சோற்றையும் தொட மாட்டேன் என்கிறார்.

அன்றைக்கே வேலையை விட்டேன். பா அப்போது பம்பாய் முறையில் இருந்தார். அவரிடம் சொல்லிக்கொள்ள முடியவில்லை. அப்புறம் அவரைப் பார்க்கவும் கிடைக்கவில்லை.

நைனாவை ஒரே ஒரு வார்த்தையில்தான் அழைத்துவர முடிந்தது. "சின்னண்ணன் வர்ற வரைக்கும் நைனா. அவன் மாசத்த நான் பாத்துக்கறேன், அவ்ளோதான்."

"அவன் வர்ற வரைக்கும்தான்" என்று அவரும் சொன்னார். பக்கத்தில் இருந்தவர்களுக்கும் கேட்கும்படி சத்தமாகச் சொன்னார்.

ஏரிக்கரையில் பனை ஓலை வேய்ந்து ஒரு குடிசை போட்டேன். காலையில் மீன் கூடையோடு பொன்னேரிப் பக்கம் போய் விற்றுவிட்டு, வெயில் ஏறுவதற்குள் வந்து உலை வைப்பேன். எதிரில் உட்கார்ந்து சாப்பிடுவோம். கூச்சக்காரி நான், அவரும் அந்தப் பானை விஷயத்துக்கு அப்புறம் வாய் குறைந்துபோனார். பேசாமல் சாப்பிடுவோம். ஆனாலும் எதிரில் ஒரு ஆள்.

சின்னண்ணன் வரவேயில்லை. காசிமேட்டிலேயே தங்கிவிட்டான். வருஷங்கள் போயின. எனக்குக் கல்யாணம் என்று ஒரு பேச்சு வந்து, அதுவும் போயிற்று. நைனாவுக்கு ஞாபகம் தப்ப ஆரம்பித்தது. என்னை அம்மா பெயர் சொல்லிக் கூப்பிடுவார், எந்தக் கடலில் எந்தக் காற்று என்று மாற்றிச் சொல்வார். ஒன்று மட்டும் தப்பவில்லை. அமாவாசை அன்று நான் பொன்னேரியிலிருந்து வரும்போது பாயைச் சுருட்டி, தட்டைத் துண்டில் கட்டிக்கொண்டு, குடிசைக்கு வெளியே உட்கார்ந்திருப்பார்.

"எங்க கெளம்பிட்ட நைனா?"

"மாத்தற நாளாச்சே."

"மாத்தறதெல்லாம் இல்ல. உள்ள வா."

"சின்னவன் வந்துருவான்மா. வந்து நான் ரெடியா இல்லேன்னா கோச்சிக்குவான்."

பாயை வாங்கி உள்ளே விரிப்பேன். கோபித்துக்கொண்டு பார்த்த நாளும் உண்டு, அழுது பார்த்த நாளும் உண்டு. ஒன்றும் பலிக்கவில்லை. அப்புறம் நானும் அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொள்வேன். யாரும் வரவில்லை என்று அவருக்கே தெரியும் வரைக்கும் இருந்துவிட்டு உள்ளே போவோம். அப்படி ஒரு அமாவாசையில்தான் திடீரென்று கேட்டார்.

"ஏம்மா, அந்தக் கெழவன் கடைசில எங்க சாப்ட்டான்?"

"எந்தக் கெழவன்?"

"ஊஞ்சலாடுவானே."

அந்தப் பேச்சை எடுத்து எத்தனையோ காலம் ஆகியிருந்தது.

"மவ வூட்டுல" என்றேன்.

"நாடகத்துல மவ இருந்தாளா?"

"இருந்தா. ஓரமா நின்னுகினு இருந்தா."

"ஜனங்க சிரிச்சாங்களா?"

"சிரிச்சாங்க நைனா. நல்லா சிரிச்சாங்க."

தலையை ஆட்டிக்கொண்டார். அன்றைக்கு நான் கூப்பிடாமலே எழுந்து உள்ளே வந்தார். ஆனால் அடுத்த அமாவாசைக்கு மறுபடியும் பாயைச் சுருட்டிவிட்டார்.

மாசியில் ஒரு காலை, கூடையோடு கிளம்பும்போது குரல் கொடுத்தேன். பதில் வரவில்லை. என் குடிசையில், அவர் பாயில், அவர் இடத்திலேயே இறந்துபோயிருந்தார். நான் அழுதேனா என்று ஞாபகம் இல்லை. ஒரு நிம்மதி இருந்தது, அதைச் சொல்லத்தான் வேண்டும். இனி ஒருவரும் எழுப்ப மாட்டார்கள் என்று நினைத்தேன்.

பெரியண்ணன் வந்தான். காசிமேட்டிலிருந்து சின்னண்ணனும் வந்துவிட்டான். இரண்டு பேரும் என் குடிசைக்குள் குனிந்து நுழைந்தது அன்றைக்குத்தான். விழுந்து விழுந்து அழுதார்கள். நடிப்பு இல்லை, நிஜமான அழுகை. அப்புறம் பெரியண்ணன் மூக்கைத் துடைத்துக்கொண்டு சொன்னான்.

"பொண்ணு வூட்லேர்ந்து எடுக்கக் கூடாது. மூத்தவன் வூட்லேர்ந்துதான் போவணும். அதான் மொறை."

ஊர்ப் பெரியவர்களும் ஆமாம் என்றார்கள். இரண்டு அண்ணன்களும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து நைனாவைத் தூக்கினார்கள். ஊரே பார்க்க, கரையோரமாகப் பெரியவன் வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். அன்றைக்கு அமாவாசை கூட இல்லை. நான் பாயைச் சுருட்டிக்கொண்டு பின்னால் போனேன். அங்கே வாசலில் புதுப் பாய் விரித்திருந்தார்கள். பழசு எதற்கு என்று அண்ணி கேட்டாள். அதைக் கக்கத்தில் வைத்துக்கொண்டே கடைசி வரைக்கும் நின்றேன்.

இப்போதும் அமாவாசைக்கு இரண்டு அண்ணன் வீட்டிலும் படைக்கிறார்கள். இறால் தொக்கு, நண்டு வறுவல், எல்லாம் வைத்துக் காக்கையைக் கூப்பிடுகிற சத்தம் எனக்குக் கேட்கும். பெண் படைக்கக் கூடாது என்பார்கள், நான் படைப்பதில்லை. அந்தப் பாய் கிழிந்து ஓரமெல்லாம் போய்விட்டது. மற்ற நாளில் அதைச் சுருட்டிக் கூரையில் செருகி வைத்திருப்பேன். அமாவாசை அன்று காலையில் எடுத்து, அவர் இடத்தில் விரித்துப் போடுவேன். அன்றைக்கு முழுக்க அதைச் சுருட்ட மாட்டேன்.